அரசு உபகாரச் சம்பளமும் பொதுநல வழக்கும்

ஏழை மாணவருக்கென ஒதுக்கிய அரசு நிதி அவர்களைச் சென்று சேரவில்லை என்றோ, முறையின்றிப் பங்கிடப்படுகிறது என்றோ, அவர்கள் பொருட்டு வேறொருவர் நீதிமன்றம் செல்வது உபகாரச் சம்பளம் பற்றிய பொதுநல வழக்கு. இந்தியாவில் இத்தகைய வழக்குகள் கொள்கைகளையே மாற்றியிருக்கின்றன. மலேசியாவில் அந்த வழி வளரவில்லை. அதற்குக் கூட்டரசு அரசியலமைப்பின் 153ஆவது பிரிவே காரணம் என்று பொதுவாகச் சொல்வார்கள். வழக்குகளின் வரலாற்றைப் பார்த்தால், வழக்குத் தொடுக்கும் தகுதி யாருக்கு உண்டு என்ற கேள்வியே அதைவிடப் பெரிய தடையாக இருந்தது புலப்படும்.

மலாய்க்காரருக்கும் சபா, சரவாக் பூர்வகுடியினருக்கும் உபகாரச் சம்பளங்களில் நியாயமான விகிதத்தை ஒதுக்க 153ஆவது பிரிவு மாமன்னருக்கு அதிகாரம் தருகிறது. அதே பிரிவு மற்றச் சமூகங்களின் நியாயமான நலன்களைக் காக்கும் பொறுப்பையும் அவரிடமே ஒப்படைக்கிறது. அதிகம் பேசப்படாத 12ஆவது பிரிவோ, பொது நிதியிலிருந்து மாணவருக்கு உதவி வழங்கும்போது இனம், மதம், வம்சாவளி, பிறப்பிடம் ஆகியவற்றை மட்டும் காரணமாக்கிப் பாகுபாடு காட்டக் கூடாது என்கிறது. 153ஐக் கேள்விக்குள்ளாக்கத் தடை விதிக்க 1971ஆம் ஆண்டுத் திருத்தம் வழிசெய்தது என்பது உண்மை. ஆனால் அது செயல்படுத்தப்படும் விதத்தைப் பேச அந்தத் திருத்தமே இடம் விட்டிருக்கிறது. விகிதம் நியாயமானதா, ஒதுக்கீட்டுக்கு வெளியே உள்ள இடங்கள் எப்படி நிரப்பப்பட்டன என்பவை செயலாக்கம் பற்றிய கேள்விகளே.

இவற்றைக் கேட்பதற்கான கதவு 1988இல் ஏறக்குறைய அடைபட்டது. அப்போது பினாங்கின் தஞ்சோங் தொகுதி உறுப்பினராக இருந்த லிம் கிட் சியாங், வடக்கு தெற்கு நெடுஞ்சாலைக் குத்தகைக்கு எதிராக வழக்குத் தொடுத்தார். அவருக்கு அந்தத் தகுதி இல்லை என்று உச்ச நீதிமன்றம் 3க்கு 2 என்ற பெரும்பான்மையில் தீர்ப்பளித்தது. மாறுபட்ட இருவரில் ஒருவர் பினாங்கில் பிறந்த யூசுப் அப்துல்காதர். தகுதி விதியைத் தளர்த்த வேண்டும் என்று 1982இலேயே ஒரு தீர்ப்பில் அவர் வாதிட்டிருந்தார். சாலைக் குத்தகை வழக்கின் சுமை கல்விக்கும் வந்து சேர்ந்தது. பாதிக்கப்பட்ட மாணவரே வழக்காடலாமே என்பார்கள். பாயான் பாருவில் ஆலைத் தொழிலாளி ஒருவரின் மகள் எஸ்பிஎம் முடித்து விண்ணப்பித்து, மறுக்கப்பட்டு, வழக்கும் போட்டால், மேல்முறையீடு முடிவதற்குள் கல்வியாண்டுகள் கடந்துபோகும். வழக்குச் செலவைத் தாங்கும் வீட்டுக்கு உபகாரச் சம்பளம் அவ்வளவு அவசரமாகத் தேவைப்பட்டிருக்காது.

அதனால் மாற்றங்கள் அமைச்சரவையிலிருந்தே வந்தன. பொதுச் சேவைத் துறையின் வெளிநாட்டு உபகாரச் சம்பளத்தில் பூமிபுத்ரா (மலாய்க்காரர், பூர்வகுடியினர்) அல்லாதோர் பங்கு 2008இல் 45 விழுக்காடாக உயர்ந்தது. 2019இல் மெட்ரிகுலேஷன் இடங்கள் 25,000இலிருந்து 40,000 ஆயின. பூமிபுத்ராவினருக்கும் மற்றவர்களுக்கும் இடையிலான 90:10 விகிதம் அப்படியே நின்றது. அமைச்சரவை கொடுத்ததை அமைச்சரவையே மாற்றலாம். மாணவர் கையில் உரிமை ஏதும் சேர்வதில்லை.

பொதுப் பணத்தைப் பங்கிடுவது நீதிபதிகளின் வேலையல்ல என்ற மறுப்பு வலுவானது. குஜராத் வழக்கு அதற்குப் பதில் தருகிறது. சிறுபான்மை மாணவருக்கு இந்திய அரசு 2008இல் கொண்டுவந்த உதவித்தொகைத் திட்டத்தை அம்மாநில அரசு செயல்படுத்த மறுத்தது. ஆதம் சாக்கி தொடுத்த பொதுநல வழக்கில், மாநில உயர் நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு 2013இல் 3க்கு 2 எனத் திட்டம் செல்லும் என்றது. நீதிமன்றம் அங்கே புதிதாக எதையும் பங்கிடவில்லை. அறிவிக்கப்பட்ட திட்டம் நடக்கவே வழிசெய்தது. வழக்கு எதிர்த்திசையிலும் வெட்டும் என்பதை மறைக்கக் கூடாது. 80 விழுக்காட்டை முஸ்லிம்களுக்கு ஒதுக்கிய கேரளத்தின் 80:20 சிறுபான்மை உதவித்தொகைப் பங்கீட்டை அம்மாநில உயர் நீதிமன்றம் 2021இல் ரத்து செய்தது. முஸ்லிம் மாணவர்களை அது நேரடியாகப் பாதிப்பதாக இருந்தது. ஆயினும் பங்கீட்டின் காரணங்களை அரசு எல்லார் முன்னிலையிலும் சொல்ல வேண்டியதாயிற்று. அமைச்சரவை அறைக்குள் முடிவாகும் விகிதத்துக்கு அந்தச் சோதனை நேர்வதில்லை.

மலேசியாவில் தொழிற்சங்கக் காங்கிரஸ் தொடுத்த தண்ணீர்க் குத்தகை வழக்கில், நீதி மறுஆய்வு கோருபவர் வழக்கின் பொருளில் உண்மையான அக்கறை உள்ளவர் என்று காட்டினால் போதும் எனக் கூட்டரசு நீதிமன்றம் 2014இல் தகுதி விதியைத் தளர்த்தியது. அதன்பின் எஞ்சும் இடர் சான்று திரட்டுவதில்தான். யாருக்கு, எந்த அளவுகோலில் கிடைத்தது என்ற விவரம் இல்லாமல் பாகுபாட்டை நிறுவ முடியாது. பினாங்கில் 2015இல் நடைமுறைக்கு வந்த தகவல் சுதந்திரச் சட்டம் மாநில அலுவலகங்களின் கோப்புகளுக்கே பொருந்தும். பொதுச் சேவைத் துறை கூட்டரசைச் சேர்ந்தது.