அமுக்குவானும் அரைத்தூக்கமும்: விழிப்புக்கும் கனவுக்கும் எல்லை உண்டா?

விடியற்காலை நான்கு மணி இருக்கும். கண் திறந்தாயிற்று. மின்விசிறி சுற்றுவது தெரிகிறது. கதவோரக் கொடியில் தொங்கும் சட்டை தெரிகிறது. பக்கத்தில் படுத்திருப்பவரின் குறட்டைகூடக் கேட்கிறது. ஆனால் கையை அசைக்க முடியவில்லை. கத்த வாயெடுத்தால் குரல் எழவில்லை. சட்டைக்குப் பக்கத்தில் யாரோ நிற்கிறார்கள். அந்த உருவம் கிட்டே வந்து நெஞ்சின்மேல் ஏறி உட்காருகிறது. சற்று நேரத்தில் சுண்டுவிரல் அசைகிறது, எல்லாம் கலைந்துபோகிறது. காலையில் வீட்டில் சொன்னால் பாட்டி ஒரே பேச்சில் முடித்துவிடுவார்: “அமுக்குவான்தான். தலைமாட்டுல இரும்பு வெச்சிட்டுப் படு.”

ஜப்பானில் இதே அனுபவத்துக்குக் கனாஷிபாரி என்று பெயர். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்து ஊர்களில் நெஞ்சில் வந்து உட்காருபவள் ஒரு கிழவி. ஹென்றி ஃபுசேலி 1781இல் தீட்டிய புகழ்பெற்ற ஓவியத்தில், மல்லாந்து கிடக்கும் பெண்ணின் மார்மேல் ஒரு குட்டிப் பூதம் குந்தியிருக்கிறது. ஒன்றோடொன்று தொடர்பில்லாத ஊர்களில் ஒரே காட்சி திரும்பத் திரும்ப வருகிறது என்றால், அதைக் கட்டுக்கதை என்று ஒதுக்குவது எளிதல்ல.

அமுக்குவானைப் பற்றி நம்மிடையே இரண்டு தீர்ப்புகள் நிலவுகின்றன. பேய் என்பது ஒன்று. வெறும் கெட்ட கனவு என்பது மற்றொன்று. இரண்டுமே ஒரு பிழையான எண்ணத்தைப் பகிர்ந்துகொள்கின்றன: மனிதர் ஒரு நேரத்தில் விழித்திருப்பார், அல்லது தூங்குவார் என்பதே அது. நெஞ்சமுக்கம் கண்டவர் உண்மையில் விழித்திருக்கிறார்; அதே கணத்தில் கனவும் காண்கிறார். இதற்கு உடலியல் சான்று இருக்கிறது.

சிகாகோ பல்கலைக்கழகத்தில் யூஜின் அசெரின்ஸ்கியும் நத்தானியேல் கிளைட்மனும் 1953இல் வெளியிட்ட ஆய்வு, தூக்கத்தினூடே கண்கள் விரைந்து உருளும் கட்டங்கள் வருவதைக் காட்டியது. தெளிவான கனவுகள் பெரும்பாலும் அக்கட்டத்தில்தான் வருகின்றன. அப்போது தசைகள் தளர்ந்து செயலற்றுக் கிடப்பதைச் சில ஆண்டுகளில் ஃபிரான்சின் லியோன் நகரில் மிஷெல் ஷூவே பூனைகளிடம் கண்டறிந்தார். கனவில் ஓடுபவர் கட்டிலைவிட்டு ஓடாதிருக்க மூளைத்தண்டு போடும் பூட்டு அது. கண்தசைகளும் உதரவிதானமும் மட்டும் அதற்கு விலக்கு.

பூட்டு திறக்குமுன் விழிப்பு வந்துவிட்டால் அதுதான் அமுக்குவான். விலாத் தசைகள் தளர்ந்திருப்பதால் ஆழ்ந்து மூச்சிழுக்க முடிவதில்லை; நெஞ்சில் பாரம் ஏறியதுபோலிருக்கிறது. அணையாத கனவு அந்தப் பாரத்துக்கு ஓர் உருவத்தைக் கொடுக்கிறது. சட்டை சட்டையாகவே தெரிய, அதன் அருகில் நிற்கும் ஆள் மட்டும் கனவிலிருந்து வருகிறார்.

இதற்கு நேரெதிரான நிலையும் உண்டு. பூட்டு விழாமலே கனவு ஓடினால், தூங்குபவர் கனவுச் சண்டையில் நிஜமாகவே கையை வீசுவார். இந்த நோயை 1986இல் அமெரிக்காவின் மினசோட்டாவில் கார்லோஸ் ஷெங்க் குழுவினர் விவரித்தார்கள். பூட்டு விழுந்து, கனவும் ஓடி, ‘இது கனவு’ என்ற அறிவு மட்டும் விழித்துக்கொள்வது மூன்றாவது வகை. கண்தசைகளுக்குப் பூட்டில்லை என்பதைப் பயன்படுத்தி, முன்பே பேசிவைத்த கண்ணசைவால் கனவுக்குள்ளிருந்து செய்தி சொல்லவைத்தார் இங்கிலாந்தின் கீத் ஹெர்ன், ஆண்டு 1975. நான்கு நாடுகளின் ஆய்வகங்கள் சேர்ந்து 2021இல் வெளியிட்ட ஆய்வில் கனவு காண்பவர்களிடம் கேள்வியே கேட்டார்கள். எட்டிலிருந்து ஆறைக் கழித்தால் என்ன என்ற கேள்விக்கு, தூக்கம் கலையாமலே கண்ணை இருமுறை அசைத்து விடை சொன்னவர் உண்டு.

ஆகவே தூக்கம் ஒற்றைச் சுவிட்சு அல்ல. அறிவு, காட்சி, தசை ஆகிய மூன்றும் தனித்தனியே ஏறி இறங்குகின்றன. சேர்ந்து இயங்குவது வழக்கம், கட்டாயமில்லை.

இந்தக் கலப்புக்குத் தமிழில் ஒரு பழைய சொல்லாட்சியும் உண்டு. சைவ சித்தாந்தம் உயிரின் நிலைகளைச் சாக்கிரம் (நனவு), சொப்பனம் (கனவு), சுழுத்தி (உறக்கம்), துரியம், துரியாதீதம் என ஐந்தாக்குவதோடு நிற்கவில்லை. சாக்கிரத்தில் சொப்பனம், சாக்கிரத்தில் சுழுத்தி என ஒன்றுக்குள் ஒன்றையும் வைத்துப் பேசுகிறது. இதைக் காட்டி, கண்கள் உருளும் தூக்கக் கட்டத்தை நம் முன்னோர் அப்போதே அறிந்திருந்தார்கள் என்று முழங்குவது தவறு. அவர்களின் அக்கறை ஆன்ம விடுதலை, மூளைத்தண்டு அல்ல. ஆனால் ஒரு நிலைக்குள் இன்னொரு நிலை இருக்கலாம் என்று எண்ணிப் பார்க்கும் பழக்கம் இம்மொழிக்குப் புதிதில்லை என்பதை மறுக்க முடியாது.

அமுக்குவான் அரிதான அனுபவமும் அல்ல. முப்பத்தைந்து ஆய்வுகளைத் தொகுத்து 2011இல் வெளிவந்த மதிப்பீட்டின்படி, பொதுமக்களில் 7.6 விழுக்காட்டினரும் மாணவர்களில் சுமார் 28 விழுக்காட்டினரும் வாழ்நாளில் ஒருமுறையாவது இதை அனுபவித்திருக்கிறார்கள். தூக்கம் கெடுவதும் மல்லாந்து படுப்பதும் இதை வரவழைக்கக்கூடியவை. பாட்டி சொன்ன இரும்பைவிட ஒருக்களித்துப் படுப்பது பயன் தரலாம். ஆனால் பாட்டி தந்த பெயரில் பிழையில்லை. நெஞ்சு அமுங்குவதை அது உள்ளபடியே சொல்கிறது.

இதன் மருத்துவப் பெயரைச் சொல்லி, ‘தூக்க முடக்கம் உண்டா?’ என்று மருத்துவர் கேட்டால் பலருக்குப் புரியாது. பேய் என்று சொன்னால் சிரிப்பார்களோ என்று நோயாளியும் வாய் திறக்கமாட்டார். ‘அமுக்குவான் வந்ததுண்டா?’ என்று மருத்துவரே கேட்கட்டும். அடிக்கடி வருகிறது, பகலிலும் அடக்கமுடியாமல் தூக்கம் சொக்குகிறது என்று பதில் வந்தால், அவரைத் தூக்கவியல் பரிசோதனைக்கு அனுப்ப வேண்டும்.