எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதல்ல கேள்வி: தமிழ் ஆவணப்படமும் சாட்சியமும்

செனகல் நாட்டு நாவலாசிரியர் உஸ்மான் செம்பேன், எழுத்தறியாத தம் மக்களை எட்டுவதற்காகவே 1960களில் சினிமாவுக்கு வந்தார். அவர் காலந்தொட்டு, சமூக மாற்றத்துக்கான படம் என்றாலே எத்தனை பேரை அது எட்டியது என்றுதான் முதலில் கேட்கிறோம். ஆவணப்படத்துக்கு அந்த அளவுகோல் பொருந்தாது. இல்லை என்று சாதிப்பவர் முன் ‘இதோ இருக்கிறது’ என்று காட்டும் சாட்சியமே அது.

கையால் மலம் அள்ளுவதை 1993ஆம் ஆண்டுச் சட்டம் தடைசெய்தது. அதன்பின் பல மாநில அரசுகள் தம் எல்லைக்குள் அப்படி எவருமே இல்லை என்று ஏட்டில் எழுதிக் கணக்கை முடித்தன. அமுதன் ஆர்.பி. 2003இல் எடுத்த ‘பீ’, மதுரைத் தெருவொன்றில் மலம் அள்ளும் மாநகராட்சித் துப்புரவுப் பணியாளர் ஒருவரின் வேலையைப் பின்தொடர்கிறது. அந்தக் காட்சியை எந்த ஏட்டாலும் இல்லையென்று ஆக்க முடியாது. உழைப்பவரின் இழிவைக் காட்சிப்பொருளாக்குவது தகுமா என்று கேட்கலாம், நியாயமான கேள்விதான். ஆனால் இங்கே கூச வேண்டியவர் அவரல்லர், அந்தத் தெருவை அவரிடம் விட்டுவிட்டு நடக்கும் நாம். திவ்யா பாரதியின் ‘கக்கூஸ்’ (2017) மாநிலம் முழுக்கச் சென்று, குழிக்குள் இறங்கி இறந்தவர்களின் குடும்பங்களைப் பேசவைத்தது. திரையிடல்களுக்குத் தடை வந்தது. படம் யூடியூபுக்குப் போனது. அதே ஆண்டு ஜூலையில் இயக்குநர் 2009ஆம் ஆண்டின் பழைய வழக்கொன்றில் கைதானார். சிறு கூட்டம் பார்க்கும் படம் எதையும் அசைக்காது என்போர் இதற்கு என்ன விளக்கம் சொல்வார்கள்?

கதைப்படம் கோடிப் பேரை எட்டுகிறதே என்பது வலுவான மறுப்பு. விருத்தாசலத்தின் அருகிலேயே அதற்குச் சான்று உண்டு. முதனை கிராமத்து ராஜாக்கண்ணு 1993இல் கம்மாபுரம் காவல்நிலையத்தில் சித்திரவதைக்கு ஆளாகி இறந்தார். அந்தச் சாவு குறித்த வழக்கை நடத்தியவர் பின்னாளில் நீதிபதியான கே. சந்துரு. த.செ. ஞானவேலின் ‘ஜெய் பீம்’ (2021) அதை நாடறியச் செய்தது. அந்தப் பயனைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆயினும் ராஜாக்கண்ணு குறவர்; திரையில் அவர் இருளராகிவிட்டார். கதைப்படத்துக்கு அந்த உரிமை உண்டு. ஆனால் படம் ஊரெங்கும் பேசப்பட்டபோது, உண்மையில் அடிபட்ட சமூகம் பின்னுக்குப் போனது. ஆவணப்படத்தில் இப்படி ஆளை மாற்ற வழியில்லை. எட்டும் தூரம் குறைந்தாலும் பெயரும் ஊரும் நிலைக்கின்றன.

படங்கள் வந்தும் சாவு நிற்கவில்லையே என்பார்கள். உண்மைதான். படம் தனித்து எதையும் சாதித்ததாக நான் சொல்லவில்லை. கையால் மலம் அள்ளுவதை ஒழிக்கப் போராடும் சஃபாய் கர்மசாரி ஆந்தோலன் என்ற அமைப்பு 2003இல் தொடுத்த வழக்கில், 1993 முதல் கழிவுநீர்க் குழியில் இறந்த ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் 10 லட்சம் ரூபாய் தர உச்ச நீதிமன்றம் 2014இல் ஆணையிட்டது. அந்தத் தொகையைப் பெற, இறந்தவர் யார், எங்கே இறந்தார், யார் இறக்கினார் என்று நிறுவியாக வேண்டும்; ஆவணப்படம் தரும் சாட்சியத்துக்கு அங்கேதான் வேலை. 2023 அக்டோபரில் அதே நீதிமன்றம் இழப்பீட்டை 30 லட்சமாக உயர்த்தியது. நிறுவ வேண்டிய சுமை இன்னும் இறந்தவரின் வீட்டார் தலையில்தான் இருக்கிறது.