அறந்தாங்கி நிஷா

அறந்தாங்கி நிஷா தமிழ்த் தொலைக்காட்சி நகைச்சுவைக் கலைஞர், பட்டிமன்றப் பேச்சாளர், திரைப்பட நடிகை. புதுக்கோட்டை மாவட்டம் அறந்தாங்கியைச் சேர்ந்தவர். விஜய் தொலைக்காட்சியின் ‘கலக்கப்போவது யாரு’ ஐந்தாம் பருவத்தில் பங்கேற்றுப் பரவலாக அறியப்பட்டார். தமிழில் மைக்கைப் பிடித்து நின்று கூட்டத்தைச் சிரிக்கவைத்த பெண்கள் சிலரே. அவர்களுள் முஸ்லிம் பெண் யார் என்று கேட்டால் முதலில் நினைவுக்கு வரும் பெயர் இவருடையது.

மரபு

தமிழ் மேடைச் சிரிப்புக்கு மூன்று ஊற்றுகள் உண்டு. முதலாவது தெருக்கூத்து. கடலூர், விழுப்புரம் பக்கத்துக் கூத்துகளில் கோமாளிப் பாத்திரமான கட்டியக்காரன் துரியோதனனையும் கேலி செய்வான், முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் ஊர்ப் பெரியவரையும் விடமாட்டான். பெண் வேடத்தையும் ஆண்களே கட்டி ஆடிவந்த கூத்தில் பெண் கேலிக்கு ஆளாவாள். கேலி செய்யும் வாய் அவளுக்குக் கிடையாது. அந்த வாய் கிடைத்தது இரண்டாவது ஊற்றான ஸ்பெஷல் நாடகத்தில். மதுரை, புதுக்கோட்டை வட்டாரங்களில் ‘வள்ளி திருமணம்’ போன்ற நாடகங்களின் கதை தொடங்குமுன் பபூனும் நடனப் பெண்ணும் மோதிக்கொள்ளும் பகுதி உண்டு. பபூன் ஒன்று சொன்னால் அவர் இரண்டு திருப்பித் தருவார். ஊர் விடிய விடிய ரசித்தது. ஆனால் அந்தப் பெண்ணுக்கு நல்ல பெயர் தர மறுத்தது. புதுக்கோட்டை மண்ணில் பிறந்த ஒரு நகைச்சுவைப் பெண்ணைப் பற்றி எழுதும்போது இந்த முன்னோடிகளை விட்டுவிடுவது நன்றிகெட்ட செயல்.

மூன்றாவது பட்டிமன்றம். காரைக்குடிக் கம்பன் கழக மேடையில் இலக்கிய வழக்காடலாக வளர்ந்து, குன்றக்குடி அடிகளார் காலத்தில் மக்களிடம் பரவி, சாலமன் பாப்பையா, திண்டுக்கல் லியோனி கைகளில் குடும்பச் சிரிப்பாக மாறியது. ‘மாமியாரா மருமகளா’ என்ற வகைத் தலைப்புகளுக்கு எதிரணியில் ஒரு பெண் தேவைப்பட்டார். அவர் வீட்டுக் கதையைச் சொல்லலாம், கணவரைச் சீண்டலாம்; கடைசியில் நடுவர் தீர்ப்பு வந்து எல்லாவற்றையும் சமன்செய்துவிடும். கோயில் திருவிழாவிலும் கல்லூரி ஆண்டு விழாவிலும் பெண் நகைச்சுவைக்கு மரியாதையான இருக்கை போட்டுத் தந்தது பட்டிமன்றமே. நிஷா உருவானது இங்கேதான். ஊர்ப் பெயரை முன்னால் சேர்த்துக்கொண்டதும் மதுரை முத்து, ஈரோடு மகேஷ் போன்றோரைப் பின்பற்றிய மேடை வழக்கமே.

இவற்றோடு நான்காவதாக ஒன்றைச் சேர்க்கலாம், மேடை ஏறாத மரபு அது. தமிழ் முஸ்லிம் கல்யாண வீடுகளின் நலங்குப் பாட்டில் பெண்கள் கூடி மாப்பிள்ளை வீட்டாரைக் கிண்டலடிப்பதுண்டு. பரங்கிப்பேட்டை, அதிராம்பட்டினம், கீழக்கரை போன்ற கரையோர ஊர்களில் ஆண்கள் சபுராளிகளாக (பிழைப்புக்காகப் பயணம் போவோராக) கடல் கடந்து போய்விட, வீட்டையும் உறவையும் பெண்களே நடத்தினார்கள். அந்த வீடுகளுக்குள் வாய்ச்சாலத்துக்குப் பஞ்சமில்லை. கேட்டவர்கள் பெண்கள் மட்டுமே.

கலையும் வகையும்

‘கலக்கப்போவது யாரு’ 2005இல் தொடங்கியது. பலகுரல், இருவர் சேர்ந்து நடிக்கும் துணுக்கு, நடுவரை வம்புக்கிழுத்தல் என எல்லாம் கலந்த நிகழ்ச்சி அது. சிவகார்த்திகேயன் உட்படப் பலரைத் திரைக்கு அனுப்பியது. முகமது குரைஷி, அசார் என முஸ்லிம் இளைஞர்கள் பலர் அதில் பெயர் பெற்றனர், பெண்கள் குறைவு. நிஷா பெரும்பாலும் சக கலைஞர் பழனியுடன் இணைந்து மேடையேறினார். பலகுரல் அவருடைய ஆயுதம் அல்ல. உரத்த குரல், தஞ்சை–புதுக்கோட்டைப் பேச்சு, மூச்சு விடாத வேகம், எதிராளியின் கேலியை முடியுமுன்னே பிடுங்கித் திருப்பும் சாமர்த்தியம் ஆகியவையே அவர் பலம்.

தம் கறுப்பு நிறத்தையும் உடற்கட்டையும் அவரே கேலிக்கு எடுத்துக்கொள்வார். இது பெண்ணைத் தாழ்த்தும் சிரிப்பு என்ற விமர்சனம் உண்டு. ஆனால் நிறத்துக்காகப் பட்ட ஏளனத்தை வெளிப்படையாகப் பேசிவருபவர், பிறர் சொல்வதற்குள் தாமே சொல்லிவிடுவதைத் தாழ்வு என்று கொள்ள இயலாது. நிஷாவின் நகைச்சுவை ஸ்டாண்ட்-அப் வகையில் சேராது, அந்தப் பெயர் தனியொருவர் தம் வாழ்க்கையைப் பேசும் ஆங்கில வழி மேடைக்கே உரியது என்ற வாதமும் பொருந்தாது. ஏசி அரங்கில் நுழைவுச்சீட்டு வாங்கி வந்தவர்கள் சிரித்தால்தான் கலை என்பதில்லை.

பிற மேடைகளில்

நகைச்சுவை மேடையேறிய முஸ்லிம் பெண்கள் பிற இடங்களிலும் உண்டு. பிரிட்டனில் ஷாசியா மிர்சா பர்மிங்காமில் பாகிஸ்தானியக் குடியேறிகளின் மகளாகப் பிறந்து, பள்ளியில் அறிவியல் ஆசிரியையாக இருந்து, பின் மேடைக்கு வந்தவர். 2001 செப்டம்பர் தாக்குதலுக்குப் பிறகு, தலையை மூடியபடி மேடையேறி முஸ்லிம்கள்மீதான சந்தேகத்தையே சிரிப்பாக்கிப் பெயர் பெற்றார். இந்தோனேசியாவின் சக்தியா மாரூஃப், ஹத்ரமவுத் அரபு வம்சாவளிக் குடும்பத்தவர்; பிபிசியின் 2018ஆம் ஆண்டு நூறு பெண்கள் பட்டியலில் இடம்பெற்றார். துபாயில் பிறந்து மும்பையில் இயங்கும் உரூஜ் அஷ்ஃபாக், ‘ஓ நோ!’ நிகழ்ச்சிக்காக 2023இல் எடின்பரோ நகைச்சுவை விருதுகளில் சிறந்த புதுமுகமானார். இவர்களுள் மிர்சா, மாரூஃப் ஆகியோருக்கு மதம் முக்கியப் பேசுபொருள். நிஷாவுக்கோ கணவர், மாமியார், கடன், சாப்பாடு ஆகியவையே பேசுபொருள். மதத்தை அவர் முன்னிறுத்துவதில்லை. தமிழ்ப் பார்வையாளர் அவரைத் தயக்கமின்றி ஏற்றுக்கொண்டதற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

திரையும் பிற்காலமும்

‘கோலமாவு கோகிலா’ (2018), ‘மாரி 2’ (2018) முதலிய படங்களில் சிறு வேடங்களில் நடித்தார். 2020 அக்டோபரில் கமல்ஹாசன் தொகுத்து வழங்கிய ‘பிக் பாஸ்’ நான்காம் பருவத்தில் கலந்துகொண்டு டிசம்பரில் வெளியேறினார். மறு ஆண்டு ‘பிபி ஜோடிகள்’ நடன நிகழ்ச்சியில் தாடி பாலாஜியுடன் ஆடினார். அதன் பின்னும் சின்னத்திரையிலும் மேடைகளிலும் தோன்றி வருகிறார்.