வரியும் வேலைநாளும்: வடபழனியின் உழைப்புச் சந்தை பற்றி ஓர் ஆய்வு

1. பொருளும் எல்லையும்

விடிவதற்கு முன்பே வடபழனியிலும் சாலிகிராமத்திலும் படப்பிடிப்பு வண்டிகள் கிளம்பிவிடுகின்றன. ஜெனரேட்டர் வண்டி, விளக்குகள் ஏற்றிய லாரி, புரொடக்‌ஷன் ஆட்களின் பாத்திரங்கள் அடுக்கிய வேன் என ஒன்றன்பின் ஒன்றாகப் போகும். வண்டியில் ஏறியவருக்கு அன்று கால்ஷீட் உண்டு, பேட்டா என்ற தினப்படி உண்டு. ஏறாதவர் டீக்கடை ஓரத்தில் நின்று, நாளைக்கு எந்தக் கம்பெனியில் ஷூட்டிங் என்று விசாரித்துக்கொண்டிருப்பார். அந்த வண்டியில் எத்தனை பேர் ஏறுவார்கள் என்பதில் வரிக்கு என்ன பங்கு? இக்கட்டுரையின் கேள்வி அதுதான்.

இதற்கு வடபழனியைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. 1948-இல் காரைக்குடியிலிருந்து இடம்பெயர்ந்த ஏவி.எம். ஸ்டுடியோ இங்கேதான் வேரூன்றியது. விஜயா–வாகினி படப்பிடிப்புத் தளங்கள் இருந்த நிலத்தில் இன்று மருத்துவமனையும் வணிக வளாகமும் நிற்கின்றன. திரைப்படத் தொழிலாளர் சங்கங்களின் கூட்டமைப்பான ஃபெப்சி இந்த வட்டாரத்தில் இயங்குகிறது. திரையரங்குகள், ஆட்டோ நிலையங்கள், ஆற்காடு சாலைக் கடைகள் எல்லாம் நடந்துபோகும் தூரத்தில் இருக்கின்றன. வருமானம், நுகர்வு, எரிபொருள், தொழில் ஆகிய நான்கின் மீதும் விழும் வரிகளை ஒரே இடத்தில் நின்று கவனிக்கலாம்.

வரியின் சுமையை அதன் விகிதத்தை வைத்து மட்டும் அளக்க முடியாது. அது உண்டாக்குகிற அல்லது அழிக்கிற வேலைநாட்களையும் சேர்த்து எண்ண வேண்டும் என்பது இக்கட்டுரையின் நிலைப்பாடு.

2. கோட்பாடு: இரண்டு எதிர் விசைகள்

உழைப்பின் பலனில் ஒரு பங்கை வரி எடுத்துக்கொள்ளும்போது மனிதன் இரண்டு விதமாக நடந்துகொள்ளலாம். கூடுதலாக ஒரு மணி நேரம் உழைத்தும் கையில் நிற்பது குறைவுதானே என்று ஓய்வை நாடலாம். இது பதிலீட்டு விளைவு. வீட்டுச் செலவுக்குப் பணம் போதவில்லையே என்று முன்னைவிடக் கூடுதலாக உழைக்கலாம். இது வருமான விளைவு. இரண்டும் எதிர்த்திசையில் இழுப்பவை. எது வெல்லும் என்பது வரி விகிதத்தில் மட்டும் இல்லை. அந்த மனிதனுக்கு ஓய்வெடுக்க வசதி இருக்கிறதா என்பதிலும் இருக்கிறது.

இது உழைப்பைத் தருபவரின் பக்கம். வேலை தருபவருக்கும் கணக்கு உண்டு. ஆள் வைப்பதன் செலவை வரி கூட்டினாலோ, விற்கும் பொருளின் நிகர வருவாயைக் குறைத்தாலோ, உழைக்க ஆள் தயாராக இருந்தும் வேலை இருக்காது. திரைத்துறையில் இவ்விரு பக்கங்களும் பின்னிக்கிடக்கின்றன. ஒரு நடிகர் கால்ஷீட் தந்தால்தான் நூற்றுக்கணக்கானோருக்கு அன்று வேலை உண்டு. ஆகவே ஒருவரின் உழைப்பு வழங்கல்தான் பலரின் வேலைவாய்ப்பு.

3. வருமான வரி: அடுத்த படம்

3.1 ஹாலிவுட்டின் பாடம்

இரண்டாம் உலகப் போரின் இறுதி ஆண்டுகளில் அமெரிக்காவின் உச்ச வருமான வரி விகிதம் 94 சதவீதம். அன்று நடிகராக இருந்து பின்னாளில் அதிபரான ரொனால்ட் ரீகன், நான்கு படங்கள் முடித்ததும் உச்ச அடுக்கை எட்டிவிடுவோம், அதன்பின் நடிப்பதை நிறுத்திவிட்டு ஊர்ப்பக்கம் போய்விடுவோம் என்ற பொருளில் நினைவுகூர்ந்திருக்கிறார். அவரது வரிக்குறைப்புக் கொள்கைக்கு இது சொந்த அனுபவ வேராகச் சொல்லப்படுகிறது. அவர் நடிக்காமல் விட்ட ஐந்தாவது படத்தில் வேலை இழந்த லைட்மேனுக்கு ஊர்ப்பக்கம் போக வசதி இருந்திருக்காது. வரி விழுந்தது நடிகர் மீது. வேலைநாளை இழந்தவர் வேறொருவர்.

3.2 கோடம்பாக்கத்தில் நடந்தது

இந்தியாவின் விகிதம் இதையும் தாண்டியது. 1973-74-இல் கூடுதல் வரியையும் சேர்த்து உச்ச விகிதம் 97.75 சதவீதம். முன்னாள் தலைமை நீதிபதி வாஞ்சூ தலைமையிலான குழு, வரி ஏய்ப்புக்கு முதன்மைக் காரணமே இத்தகைய உயர் விகிதங்கள்தான் என்று 1971-இல் அறிக்கை தந்தது. விகிதம் 1974-75-இல் 77 ஆகவும், 1985-86-இல் 50 ஆகவும், 1997-98-இல் 30 ஆகவும் இறங்கியது.

கோட்பாட்டின்படி அந்த உயர்விகிதக் காலத்தில் இங்கும் நட்சத்திரங்கள் படங்களைக் குறைத்திருக்க வேண்டும். ஆனால் ஒரே நாளில் இரண்டு மூன்று தளங்களுக்கு ஓடி நடித்த காலம் அது. உழைப்பு குறையவில்லை, அதன் கணக்குதான் மறைந்தது. சம்பளத்தில் ஒரு பகுதி வெள்ளையிலும் மறுபகுதி கறுப்பிலும் கைமாறும் பழக்கம் ஊன்றியது.

இதன் விலையைக் கீழ்மட்டத் தொழிலாளர்கள் நீண்ட காலம் கொடுத்தார்கள். கணக்கில் வராத பணத்தில் எடுக்கப்படும் படத்துக்கு வங்கிக் கடன் கிடைக்காது, வட்டிக்காரர்தான் கதி. திரைத்துறைக்குத் தொழில் என்ற அங்கீகாரமே 1998-இல்தான் கிடைத்தது. கடன்வட்டி ஏறினால் ஷூட்டிங் நாள் குறையும். ரொக்கமாக வாங்கிய கூலிக்கு எழுத்துச் சான்று இருக்காது; சான்று இல்லாதவருக்குச் சேமநிதியும் இல்லை. வேலையின் அளவைத் தொடாத வரி, வேலையின் தரத்தைச் சிதைத்தது. உழைப்பு வழங்கலை மணிக்கணக்கில் மட்டும் அளக்கும் ஆய்வுகள் இந்த இழப்பைக் காண்பதில்லை.

4. கேளிக்கை வரி: டிக்கெட்டிலிருந்து பேட்டா வரை

4.1 தலைப்பைத் திருத்திய சலுகை

சென்னை மாகாணத்தில் 1939-இல் கேளிக்கை வரிச் சட்டம் வந்தது. 2006-இல் தமிழ்ப் பெயர் சூட்டப்பட்ட படங்களுக்கு அந்த வரியிலிருந்து விலக்கு அளிக்கப்பட்டது. விளைவு உடனே தெரிந்தது. ‘ஜில்லுனு ஒரு காதல்’ என்று அறிவிக்கப்பட்ட படம் ‘சில்லுனு ஒரு காதல்’ ஆனது. ‘சம்திங் சம்திங்’ ‘உனக்கும் எனக்கும்’ ஆனது. 2011-இல் விதிகள் மாறி, தணிக்கையில் ‘யு’ சான்றிதழும் கட்டாயமாயிற்று. என்ன பெயர், எந்த மாதிரிக் கதை என்பதில்கூட வரி தலையிட வல்லது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

சலுகை யாருக்குப் போயிற்று? டிக்கெட்டின் உச்சவிலையை அரசே நிர்ணயித்திருந்தது. சென்னை மல்டிபிளெக்ஸ்களில் அது 120 ரூபாய். வரி இருந்தாலும் இல்லாவிட்டாலும் கூட்டம் வரும் படத்துக்கு அந்த உச்சவிலையே வாங்கப்படும். அப்படியானால் விலக்கின் பலன் பார்வையாளருக்குப் போகாமல் திரையரங்குக்கும் வினியோகஸ்தருக்கும் தயாரிப்பாளருக்கும்தான் போய்ச் சேரும். அதில் எவ்வளவு பேட்டாவாக இறங்க வேண்டும் என்று விதி எதுவும் இல்லை.

4.2 2017: இரட்டை வரி

2017 ஜூலை 1 அன்று ஜி.எஸ்.டி. வந்தது. 100 ரூபாய் வரையிலான டிக்கெட்டுக்கு 18 சதவீதம், அதற்கு மேல் 28 சதவீதம். பழைய கேளிக்கை வரி அதில் கரைந்திருக்க வேண்டும். ஆனால் உள்ளாட்சி அமைப்புகளுக்கான கேளிக்கை வரி என்று 30 சதவீதத்தைத் தமிழ்நாடு தனியே விதித்தது. 100 ரூபாய்க்கு மேற்பட்ட டிக்கெட்டுக்கு இரண்டும் சேர்ந்து 58 சதவீதம். ஜூலை 3 முதல் மாநிலம் முழுவதும் திரையரங்குகள் நான்கு நாட்கள் மூடிக்கிடந்தன.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 120 ரூபாய் டிக்கெட்டின் மீது இரண்டு வரிகளையும் ஏற்றினால் 189 ரூபாய் 60 காசு. அவ்வளவு தரப் பார்வையாளர் தயாராக இல்லை, 120-தான் தருவார் என்றால், வரி போக மிஞ்சுவது ஏறத்தாழ 76 ரூபாய். முதல் வழியில் கூட்டம் குறையும். இரண்டாவது வழியில் வசூல் குறையும்.

பேச்சுவார்த்தைக்குப் பின் திரைகள் திறந்தன. செப்டம்பரில் புதிய தமிழ்ப் படங்களுக்கு 10 சதவீத உள்ளாட்சி வரி அறிவிக்கப்பட்டது. தயாரிப்பாளர்கள் படங்களை வெளியிட மறுத்ததும் அக்டோபரில் அது 8 ஆகக் குறைந்தது. ஜி.எஸ்.டி.யும் 2019 ஜனவரி முதல் 12, 18 சதவீதங்களுக்கு இறங்கியது. 2025 செப்டம்பர் 22 முதல் 100 ரூபாய் வரையிலான டிக்கெட்டுக்கு அது 5 சதவீதம்.

4.3 சுமை நகரும் வழி

திரைத்தொழிலில் கிராஸ், நெட், ஷேர் என்று மூன்று சொற்கள் அன்றாடம் புழங்கும். மொத்த வசூல் கிராஸ்; வரி போனபின் நெட்; திரையரங்கின் பங்கு போனபின் வினியோகஸ்தருக்கு வருவது ஷேர். கிராஸுக்கும் நெட்டுக்கும் நடுவில் வரி உட்கார்ந்திருக்கிறது. ஷேர் சுருங்கினால் அடுத்த படத்தின் பட்ஜெட் சுருங்கும்.

அந்தச் சுருக்கம் எங்கே போய் விழும்? முன்னணி நடிகரின் சம்பளம் அட்வான்ஸ் வாங்கும்போதே பேசி முடிந்துவிடும். ஃபைனான்ஸியரின் வட்டி அசையாது. சங்கம் பேசிய கூலியையும் குறைக்க முடியாது. ஆகவே குறைக்கக்கூடியது ஒன்றுதான்: நாட்கள். அறுபது நாளில் முடிக்க நினைத்த படம் ஐம்பதில் முடிக்கப்படும். இரண்டு பேர் பார்த்த வேலைக்கு ஒருவர் அழைக்கப்படுவார். பேட்டாவின் தொகை மாறாது. மாதத்தில் எத்தனை பேட்டா என்பதுதான் மாறும்.

இந்த அடி தாமதமாகவே விழும். இன்று விதித்த வரி இன்று ஓடும் படத்தைத் தாக்கும். தொழிலாளியின் வேலையோ அடுத்த படத்தில் இருக்கிறது. திரையரங்கு மூடினால் அன்றே செய்தியாகிறது. ஓராண்டு கழித்து ஒரு லைட்மேனுக்கு மாதத்தில் நான்கு நாள் குறைந்தால் அது எந்தச் செய்தியிலும் வராது. வரிக் கொள்கை வகுப்போரின் கண்ணில் இது படாததற்கு இந்தத் தாமதமே முக்கியக் காரணம்.

5. எரிபொருள் வரி: ஆட்டோ நிலையம்

2013 ஆகஸ்டில் சென்னை ஆட்டோக்களுக்கு 1.8 கிலோமீட்டர் வரை 25 ரூபாய், அதன்பின் கிலோமீட்டருக்கு 12 ரூபாய் என்று அரசு கட்டணம் நிர்ணயித்தது. அடுத்த பத்தாண்டுக்கு மேல் அது திருத்தப்படவில்லை. இதற்கிடையே பெட்ரோல் மீதான மத்திய கலால் வரி, 2014-இல் லிட்டருக்கு 9.48 ரூபாயாக இருந்தது, 2020 மே மாதத்தில் 32.98 ஆனது. அப்போது கச்சா எண்ணெய் விலை சரிந்திருந்ததால் ஏற்றம் உறைக்கவில்லை. கச்சா விலை திரும்ப ஏறியதும், 2021 ஜூலையில் சென்னையில் பெட்ரோல் 100 ரூபாயைத் தாண்டியது. மாநில அரசு அந்த ஆகஸ்டில் 3 ரூபாய் குறைத்தது. மத்திய வரியும் 2022 மே மாதத்துக்குள் 19.90-க்கு இறங்கியது.

ஒரு நாளில் நான்கு லிட்டர் பெட்ரோல் போடும் ஓட்டுநரை எடுத்துக்கொள்வோம். வரி உச்சத்தில் இருந்தபோது அவர் கூடுதலாகச் செலுத்திய கலால் மட்டும் நாளுக்கு 94 ரூபாய். அரசுக் கட்டணப்படி அதை ஈட்ட ஏறத்தாழ எட்டு கிலோமீட்டர் கூடுதல் சவாரி வேண்டும். அதற்கும் பெட்ரோல் வேண்டும். அவருக்கு முன் இரண்டு வழிகள்தான் இருந்தன. பயணியிடம் பேரம் பேசி வரியை அவர்மேல் தள்ளலாம். இல்லையென்றால் இரவு ஒன்பது மணிக்கு வீடு திரும்ப வேண்டியவர் பதினோரு மணி வரை வடபழனி பஸ் டிப்போ வாசலில் நிற்கலாம். ஓய்வை நாடும் வழி ஓனருக்கு வாடகை கட்ட வேண்டியவருக்கு இல்லை.

ஆகவே வரி இங்கே உழைப்பைக் குறைக்காமல் கூட்டியது. உழைப்பு கூடியதால் நாடு வளர்ந்தது என்று இதை எண்ணிவிடக் கூடாது. அதே வருமானத்துக்காகக் கூடுதலாகச் செலவிட்ட அந்த இரண்டு மணி நேரமும் அவர் பிள்ளைகளுக்கும் தூக்கத்துக்கும் உரியது.

6. தொழில் வரியும் இருபதாவது ஆளும்

உழைப்புக்கே நேரடியாக விதிக்கப்படும் வரி தொழில் வரி. மாநகராட்சி அரையாண்டுக்கு ஒருமுறை வசூலிப்பது. அரசியலமைப்பின் 276-ஆம் பிரிவு இதற்கு ஆண்டுக்கு 2,500 ரூபாய் என உச்சவரம்பு வைத்திருக்கிறது. எவ்வளவு கூடுதலாக உழைத்தாலும் உச்ச அடுக்கில் வரி மாறாது. எனவே உழைக்கும் ஊக்கத்தைக் கெடுக்காது. பொருளாதாரச் செயல்திறன் மட்டுமே அளவுகோல் என்றால் இது நல்ல வரி. ஆனால் மாதச் சம்பளம் வாங்கும் துணிக்கடை மேற்பார்வையாளருக்கும் கோடிகளில் ஈட்டும் நட்சத்திரத்துக்கும் அதே உச்சவரம்பு. சந்தையைக் குலைக்காத வரி நியாயமான வரியாகத்தான் இருக்கும் என்று சொல்லிவிட முடியாது.

ஆள் வைப்பதன் மீது விழும் சுமை வேறு வகை. இருபது பேர் ஆனால் வருங்கால வைப்பு நிதி. முதலாளியின் பங்கு 12 சதவீதம். பத்துப் பேர் ஆனால் இ.எஸ்.ஐ.; 2019 ஜூலை முதல் முதலாளி 3.25, தொழிலாளி 0.75 சதவீதம். இவை வரியல்ல, தொழிலாளியின் பிற்காலச் சேமிப்பும் மருத்துவமும்தான். ஆயினும் பத்தொன்பதாவது ஆளோடு நின்றுகொள்ளவும், இருபதாமவரைக் கணக்கில் காட்டாமல் வைத்துக்கொள்ளவும் ஒரு கடைக்காரரை இந்த எல்லைக்கோடு தூண்டுகிறது.

திரைத்தொழிலாளிக்கோ இந்த ஏற்பாடு அடிப்படையிலேயே பொருந்துவதில்லை. ஒவ்வொரு படத்துக்கும் கம்பெனி மாறும்; படம் முடிந்தால் யூனிட் கலைந்துவிடும். ஒரே முதலாளியிடம் ஆண்டுக்கணக்கில் இருக்கும் ஆலைத் தொழிலாளிக்காக வகுத்த சட்டம், இரண்டு மாதத்துக்கு ஒரு முதலாளியைக் காணும் லைட்மேனை எப்படிக் காக்கும்?

7. திரும்பி வரும் வரி

முதலாளி மாறிக்கொண்டே இருக்கும் தொழிலாளியைக் காப்பது எப்படி என்ற கேள்விக்கு விடைகாண ஒரு முயற்சி நடந்திருக்கிறது. 1981-இல் சினிமாத் தொழிலாளர் நலநிதிக்கும் அதற்கான செஸ்ஸுக்கும் நாடாளுமன்றம் சட்டம் இயற்றியது. ஒவ்வொரு படத்தின் மீதும் சிறு தொகை வசூலித்து, தொழிலாளர் மருத்துவத்துக்கும் பிள்ளைகளின் கல்வி உதவிக்கும் செலவிடுவது அதன் நோக்கம். முதலாளி மாறினாலும் நிதி தொழிலாளியைத் தொடரும் என்பதுதான் அதன் அருமை. ஆண்டுக்கு 50 கோடி ரூபாய்க்குக் குறைவாக வசூலாகும் செஸ்களை நீக்கும் முடிவில், 2016-இன் நிதிச் சட்டம் இதையும் நீக்கியது. கருவூலத்துக்குச் சிறிய தொகையாகப் பட்டது. ஒரு லைட்மேனின் மகளுக்குப் பள்ளிக் கட்டணமாக இருந்தது.

8. முடிவுகளும் பரிந்துரைகளும்

முதலாவதாக, மேல்மட்டத்தில் கடும் வருமான வரி இங்கே உழைப்பைக் குறைத்ததைவிட அதன் கணக்கையே அதிகம் மறைத்தது. மிதமான விகிதமும் முறையான வசூலும் கீழ்மட்டத் தொழிலாளருக்கே நன்மை.

இரண்டாவதாக, டிக்கெட் மீதான வரி பேரம் பேசும் வலிமை குறைந்தவரின் வேலைநாளாகக் கரைகிறது. வரியை ஏற்றும் முன்னும் இறக்கும் முன்னும், அதனால் எத்தனை கால்ஷீட் கூடும், குறையும் என்ற மதிப்பீட்டை அரசு ஃபெப்சியிடமும் தயாரிப்பாளர்களிடமும் கேட்டுப் பெற வேண்டும்.

மூன்றாவதாக, எரிபொருள் வரி ஏழை ஓட்டுநரின் நேரத்தை உண்கிறது. ஆட்டோக் கட்டணத்தை எரிபொருள் விலையோடு இணைத்து, ஆண்டுக்கு ஒருமுறையாவது திருத்த வேண்டும்.

நான்காவதாக, உள்ளாட்சிக் கேளிக்கை வரியை விதிப்பது மாநிலத்தின் கையில்தான் இருக்கிறது. அதில் ஒரு சிறு பங்கைத் திரைப்படத் துறையினர் நல வாரியத்தின் வழியாக, சங்க அட்டை எண்ணோடு இணைந்த சேமநிதியாக ஒவ்வொரு தொழிலாளியின் பெயரிலும் வரவுவைக்கலாம். புதிய வரி தேவையில்லை. வேலை கிடைத்த நாளில் திரட்டியது, அதிகாலையில் வண்டி அவரை ஏற்றாமல் போகும் நாளில் கைகொடுக்கும்.