மெய்ப்பாட்டில் வல்லார் கெர்ட் ஃப்ரோபே

இக்கட்டுரைக்கு ஜெர்மானியக் குணச்சித்திர நடிகர் கெர்ட் ஃப்ரோபேயை எடுத்துக்கொண்டேன். அவர் எதிர்நாயகனாக வந்த ஜேம்ஸ் பாண்ட் படமான 'கோல்ட்ஃபிங்கர்' கதையைத் திரையன்பர்கள் நன்கறிவர், அதை விரிக்கவில்லை.

மெய்ப்பாட்டு இலக்கணம்

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் மெய்ப்பாடு எட்டு என வகுத்தார். அவ்வியலுக்கு உரைவரைந்த இளம்பூரணர், இன்று நமக்குக் கிட்டாத செயிற்றியம் என்னும் நாடக நூலைச் சான்றுக்கு அழைக்கிறார். ஆகவே மெய்ப்பாடு புலவர்க்கு மட்டும் உரியதன்று, கூத்தர்க்கும் உரியது. உள்ளத்து உணர்வு மெய்யின்கண் புலப்படவேண்டும் என்பதே அதன் உயிர்நிலை. நகை நான்கிடத்துப் பிறக்கும். எள்ளலும் பேதைமையும் அவற்றுள் அடங்கும். அச்சமும் நான்கிடத்துப் பிறக்கும். கள்வரும் தம்மை ஆளும் இறையும் அவற்றுள் அடங்குவர். நகையையும் அச்சத்தையும் ஒரே உடலில் காட்டியவர் ஃப்ரோபே.

சாக்சனி மாநிலத்தில் ஸ்விக்காவை அடுத்த ஓபர்பிளானிட்சில் 1913-இல் பிறந்தார். இளமையில் வயலின் வாசித்தார். டிரெஸ்டன் அரங்கில் காட்சித்திரை வரையப் பயின்றார். அங்கே எரிக் போன்டோ என்னும் பெருநடிகர் அவரை மாணவராக ஏற்றார். 1948-இல் 'பெர்லினர் பல்லாடே' படத்தில், போர் முடிந்து வீடு திரும்பும் மெலிந்த அப்பாவியாக வந்து பேதைமையால் நகை விளைத்தார். பின்னாளின் பருத்த ஃப்ரோபேயை அதில் தேடினால் காணமுடியாது.

1958-இல் வந்த 'பட்டப்பகலில் நடந்தது' என்னும் பொருள்படும் படத்தில் குழந்தைகளைக் கொல்பவர் வேடம். வீட்டில் மனைவிமுன் கூனிக் குறுகுபவர், காட்டில் கைப்பொம்மையை ஆட்டிச் சிறுமியை ஈர்க்கிறார். அவ்வடக்கமே குலைநடுங்க வைக்கிறது. 'பாரிஸ் எரிகிறதா?' படத்தில் (1966) பாரிசை ஆண்ட ஜெர்மானியத் தளபதி கோல்டிட்ஸ் வேடம். நகரம் அவரை அஞ்ச, அவரோ ஹிட்லரை அஞ்சுகிறார். தம் இறையால் வரும் அச்சம் இதுவே. 'ஹோட்சன்பிளோட்ஸ்' படத்தில் (1974) கள்வராகவே வந்து சிறுவரைச் சிரிக்க வைத்தார்.

குரல் பிறருடையது

'கோல்ட்ஃபிங்கர்' ஆங்கிலப் பதிப்பில் (1964) ஒலிப்பது பெரும்பாலும் மைக்கேல் காலின்ஸ் என்னும் நடிகரின் குரல். ஃப்ரோபேயின் ஆங்கிலம் போதவில்லை. ஆயினும் உலகம் அஞ்சியது ஃப்ரோபேயைத்தான். கண்ணும் தோளும் நடையுமே அவ்வச்சத்தை விளைத்தன. மெய்ப்பாடு மெய்யில்தான் தங்குகிறது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று உண்டோ!

இனி அவர் வாழ்வின் மறுபக்கம். 1929 முதல் 1937 வரை அவர் நாஜிக் கட்சியில் இருந்தார். அது வெளிப்பட்டதும் இஸ்ரேல் அவர் படங்களைத் தடைசெய்தது. தம்மையும் தம் தாயையும் ஃப்ரோபே ஒளித்துவைத்துக் காத்ததாக யூதர் ஒருவர் சான்றளித்தபின் தடை நீங்கியது. இரண்டும் உண்மை, இரண்டையும் சொல்வதே அறம்.

தொலைக்காட்சியிலும் அவர் பணி தொடர்ந்தது. 'குட்டி வாம்பயர்' என்னும் சிறுவர் தொடரில் துப்பறிவாளராக வந்தார். ஜெர்மானியக் கவிஞர் மோர்கன்ஸ்டெர்னின் கவிதைகளை மேடையேறிச் சொல்லி அவையைக் கட்டிப்போட்டார். 1988-இல் மியூனிக்கில் மறைந்தார்.

இளம் நடிகர்களே, வசனத் தாளை ஒருமுறை கீழே வையுங்கள். மெய்ப்பாட்டியலைக் கையில் எடுங்கள். ஃப்ரோபேயின் படத்தை ஒலியின்றிப் பாருங்கள். வேடம் சிறிதென்று ஒருபோதும் தள்ளாதீர்கள்!