சிசிலி டைசன்: 88 வயதில் டோனி விருது வென்ற நடிகையின் கலைப்பயணம்

அமெரிக்க நாடக மேடையிலும் தொலைக்காட்சியிலும் அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக நடித்தவர் சிசிலி டைசன். கறுப்பினப் பெண்களை இழிவாகச் சித்திரிக்கும் வேடங்களை ஏற்பதில்லை என்று உறுதிபூண்ட அவர், அதன் பொருட்டு வாய்ப்பின்றி இருக்கவும் தயங்கவில்லை.

இளமைக்காலம்

நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் 1924 டிசம்பர் 19-ஆம் தேதி டைசன் பிறந்தார். பெற்றோர் கரீபியன் தீவான நெவிஸிலிருந்து குடியேறியவர்கள். தந்தை தச்சுவேலையும் வண்ணம் பூசும் வேலையும் செய்தார். தாய் வீட்டு வேலை செய்தார். செஞ்சிலுவைச் சங்கத்தில் தட்டச்சராகப் பணியாற்றிய டைசன், பின்னர் விளம்பர அழகியாகி, அங்கிருந்து நடிப்புக்கு வந்தார். தீவிர மதப்பற்று கொண்ட தாய் அதை ஏற்காமல் மகளை வீட்டைவிட்டு வெளியேறச் செய்தார். பின்னாளில் இருவருக்கும் இடையே இணக்கம் ஏற்பட்டது.

மேடையிலிருந்து சின்னத்திரைக்கு

பிரெஞ்சு நாடக ஆசிரியர் ழான் ழெனேயின் 'தி பிளாக்ஸ்' நாடகம் 1961-இல் நியூயார்க்கில் அரங்கேறியது. ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸ், மாயா ஏஞ்சலோ, லூயிஸ் காசெட் ஜூனியர் ஆகியோருடன் டைசனும் அதில் நடித்தார். 1,408 காட்சிகள் நடைபெற்ற அந்நாடகம் அவருக்குப் பெயர் பெற்றுத் தந்தது.

சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1963-இல் தொடங்கிய 'ஈஸ்ட் சைட் வெஸ்ட் சைட்' தொடரில், சமூகப் பணியாளரின் செயலராக நடித்தார். கறுப்பினப் பெண்கள் முடியை நேராக்கிக்கொண்டே திரையில் தோன்றிவந்த அக்காலத்தில், இயல்பான சுருள்முடியுடனேயே அவர் தோன்றினார். ஒரே ஆண்டில் முடிவுற்றாலும், அவரது தோற்றம் பரவலாகப் பேசப்பட்டது.

திருப்புமுனை

பெருமந்தக் காலத்தில் லூசியானாவில் வாழ்ந்த குத்தகை விவசாயக் குடும்பத்தின் கதையான 'சவுண்டர்' திரைப்படம் 1972-இல் வெளியானது. குடும்பத் தலைவியாக நடித்த டைசன், சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். அதே ஆண்டு டயானா ராஸும் பரிந்துரைக்கப்பட்டதால், ஒரே ஆண்டில் இரு கறுப்பின நடிகையர் அப்பிரிவில் இடம்பெற்றது அதுவே முதல்முறை.

படம் தொடர்பான செய்தியாளர் சந்திப்பு ஒன்றில், கறுப்பினச் சிறுவன் தன் தந்தையைத் தம் மகன் தம்மை அழைப்பது போலவே அன்பாக 'டாடி' என்று அழைத்தது தமக்கு நெருடலாக இருந்ததாக வெள்ளையினச் செய்தியாளர் ஒருவர் கூறினார். அப்போதுதான், தம் தொழிலையே இத்தகைய எண்ணங்களை மாற்றும் மேடையாக்க முடிவு செய்ததாக டைசன் பின்னர் பலமுறை நினைவுகூர்ந்தார்.

எம்மி விருதுகள்

எர்னஸ்ட் கெயின்ஸின் நாவலைத் தழுவி 1974-இல் சிபிஎஸ்ஸில் ஒளிபரப்பான 'தி ஆட்டோபயோகிராபி ஆஃப் மிஸ் ஜேன் பிட்மன்' தொலைக்காட்சிப் படம் அவரது மிகச் சிறந்த பங்களிப்பாகக் கருதப்படுகிறது. அடிமையாகப் பிறந்து, 110 வயதில் குடியுரிமைப் போராட்டத்தைக் காணும் பெண்ணாக அவர் நடித்தார். வெள்ளையருக்கு மட்டும் என ஒதுக்கப்பட்ட குழாயில் அம்மூதாட்டி தண்ணீர் அருந்தும் இறுதிக்காட்சி இன்றும் நினைவுகூரப்படுகிறது. இப்படம் ஒன்பது எம்மி விருதுகளை வென்றது. அவற்றில் இரண்டு டைசனுக்குரியவை.

'ரூட்ஸ்' (1977) தொடரில் குன்டா கின்டேயின் தாயாகவும், 1978-இல் வெளியான இரு தொடர்களில் ஹாரியட் டப்மன், கொரெட்டா ஸ்காட் கிங் ஆகியோராகவும் நடித்தார். மூன்றாவது எம்மி விருது 1994-இல் கிடைத்தது.

முப்பது ஆண்டுக் காத்திருப்பு

பிராட்வே மேடையில் 1983-க்குப் பிறகு அவர் தோன்றவில்லை. ஹார்டன் ஃபூட்டின் 'தி ட்ரிப் டு பவுன்டிஃபுல்' கதை 1985-இல் திரைப்படமாக வந்தபோதே, அத்தகைய வேடம் தமக்கும் வேண்டும் என்று விரும்பியவர் அவர். அந்நாடகமே 2013-இல் கறுப்பின நடிகர்களை முதன்மையாகக் கொண்டு மேடையேறியபோது, சொந்த ஊரைக் காண ஏங்கும் முதியவளாக டைசன் நடித்தார். அவர் தேவாலயப் பாடலைப் பாடும்போது பார்வையாளர்களும் இருக்கைகளிலிருந்தே சேர்ந்து பாடினர். சிறந்த நடிகைக்கான டோனி விருதை அவர் வென்றபோது வயது 88. 2015-இல் 'தி ஜின் கேம்' நாடகத்தில் மீண்டும் ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸுடன் இணைந்தார்.

கௌரவங்கள்

அதிபர் ஒபாமா 2016-இல் அவருக்கு அமெரிக்காவின் மிக உயரிய குடிமக்கள் விருதான அதிபரின் சுதந்திரப் பதக்கத்தை அணிவித்தார். 2018-இல் சிறப்பு ஆஸ்கர் விருது வழங்கப்பட்டது. கறுப்பினப் பெண் ஒருவர் அவ்விருதைப் பெற்றது அதுவே முதல்முறை.

அவரது தன்வரலாற்று நூல் 'ஜஸ்ட் ஆஸ் ஐ ஆம்' 2021 ஜனவரி 26-ஆம் தேதி வெளியானது. இரு நாள்களுக்குப் பின், ஜனவரி 28-ஆம் தேதி, டைசன் தமது 96-ஆவது வயதில் காலமானார்.