மௌனத்திற் பிறந்த மறுப்பு

வானொலி நேயர்கள் முகத்தைக் காணாது குரலை மாத்திரம் கேட்பவர்கள். குரலைக் கேளாது முகத்தை மாத்திரம் கண்டு கண்ணீர் உகுத்த இரசிகர்களும் ஒரு காலத்தில் இருந்தனர். அஃது ஊமைப் படங்களின் காலம். அக்காலத்துப் படைப்புகளுள் 1923ஆம் ஆண்டில் வெளிவந்த 'த வைட் சிஸ்டர்' என்னும் அமெரிக்கப் படம் நினைவுகூரத் தக்கது. 'வெண்ணுடைச் சகோதரி' என அதனைத் தமிழிற் கூறலாம்.

மரியன் குரோபோர்ட் 1909இல் வெளியிட்ட நாவலே இதற்கு மூலம். நெறியாளர் ஹென்றி கிங், நடிகை லிலியன் கிஷ் முதலியோருடன் இத்தாலிக்கே சென்று இதனைப் படமாக்கினார். நியூ யோர்க் நாடகமேடையில் நடித்துக்கொண்டிருந்த றொனால்ட் கோல்மன் கதாநாயகனாகத் தெரிவு செய்யப்பட்டார்.

கதாநாயகி அஞ்சலா பிரபு குலத்தவள். தந்தை இறந்தபின், தமக்கையின் சூழ்ச்சியால் உரிமைச் சொத்தை இழக்கிறாள். அவளுடைய காதலனான இராணுவ அதிகாரி ஜியோவன்னி ஆபிரிக்காவுக்கு அனுப்பப்படுகிறான். அவன் மாண்டான் என்ற செய்தி வருகிறது. உலகை வெறுத்த அவள் கன்னியாஸ்திரீயாக விரதம் பூணுகிறாள். ஆனால் அவனோ உயிருடன் மீண்டு வருகிறான்!

துறவினின்று விடுதலை வேண்டிப் பாப்பரசருக்கு விண்ணப்பிக்குமாறு அவன் மன்றாடுகிறான். பொய்ச் செய்தியை நம்பிச் செய்த சத்தியம் ஒருத்தியைக் கட்டுப்படுத்துமா? படத்தின் உயிர்நிலையான வினா இதுவே. அவள் மறுக்கிறாள். அம்மறுப்பு நம் செவிக்கு எட்டுவதில்லை. நடிகையின் கண்களும் கைகளுமே அதனை உணர்த்துகின்றன. அவள் அன்பு அற்றுப்போகவில்லை என்பதையும் அவையே சொல்லிவிடுகின்றன.

பின்னர் வெசூவியஸ் எரிமலை சீறுகிறது; வெள்ளம் ஊருட் புகுகிறது. மக்களைக் காக்க முயன்ற ஜியோவன்னி உயிர் துறக்கிறான்.

நாவலின் முடிவு வேறு. அங்கே துறவுக் கட்டினின்று நீங்க வழி பிறக்கிறது. படம் அவ்வழியை அடைத்துவிட்டது. காதலனைக் கொன்று சிக்கலைத் தீர்ப்பது எளிய உபாயமன்றோ எனச் சிலர் வினவலாம். நியாயமான வினாவே. ஆயினும் ஒன்றை மறத்தலாகாது: வெள்ளம் வருமுன்னரே அவள் தன் முடிவைச் செய்துவிட்டாள். அவன் உயிரைப் பறித்தது இயற்கை, அம்முடிவோ அவளுடையது.

1933இல் ஹெலன் ஹேய்ஸும் கிளார்க் கேபிளும் நடிக்க, இக்கதை பேசும் படமாயிற்று. அப்போது அவளுக்குக் குரல் கிடைத்தது. ஆனால் பத்தாண்டுகளுக்கு முன்னர், குரலின்றியே அவள் தன் முடிவை உலகறியச் சொல்லியிருந்தாள். கடமை பிறர் சுமத்திய பாரமாயின் அதனை இறக்கி வைக்கலாம். தானே விரும்பி ஏற்றதாயின், அதனை இறக்குவதும் சுமப்பதும் ஏற்றவள் ஒருத்திக்கே உரியன.